கிணற்றுக்கு முன் வாவிக் கணக்கு

மட்டக்களப்புக்குக் கிழக்கே விரிந்து கிடக்கும் ஆழ்கடலின் அடியில் எண்ணெய் உண்டா, வாயு உண்டா, அல்லது இரண்டுமற்ற வெறும் பாறையும் சேறுந்தான் உண்டா என்னும் வினாவுக்கு இன்றைக்கு நிச்சயமான விடை கூறத்தக்கவர் எவருமில்லை. ஏனென்றால் அந்தக் கடலில் இதுவரை ஒரு கிணறுகூடத் தோண்டப்படவில்லை. ஆயினும், எண்ணெய் கிடைத்துவிட்டால் நாட்டின் கடனெல்லாம் தீர்ந்து ஐசுவரியம் பெருகும் என்று ஒரு சாராரும், எண்ணெய் கிடைத்துவிட்டால் மீனும் வாவியும் நாசமாகும் என்று மற்றொரு சாராரும், தத்தம் தீர்ப்பை முன்கூட்டியே எழுதி வைத்துக்கொண்டு வாதாடுகிறார்கள். இவ்விரு கட்சியாருக்கும் நடுவே நின்று சமரசம் பேசுவது என் நோக்கமன்று. எந்தக் கட்சி வென்றாலும் மட்டக்களப்பு வாவியின் எழுவான்கரையிலும் படுவான்கரையிலும் வாழும் நமக்கு அவசியமான ஒரு காரியம் இருக்கிறது. அது ஆரவாரமற்றதாகையால் யாரும் அதைப் பற்றிப் பேசுவதில்லை. ஒப்பந்தம் கைச்சாத்தாவதற்கு முன்னரே, நம்முடைய வாவியும் கரைக்கடலும் இன்று எந்த நிலையில் இருக்கின்றன என்பதை, நீதிமன்றம் ஏற்றுக்கொள்ளத்தக்க முறையில் அளந்து, எழுதி, பத்திரப்படுத்தி வைத்துக்கொள்ள வேண்டும் என்பதே அது.

இலங்கையில் எண்ணெய் தேடும் முயற்சி புதியதன்று. 1970களில் சோவியத் நிபுணர்களின் உதவியோடு மன்னார்த் தீவின் பேசாலையில் துளையிட்டுப் பார்த்தார்கள். பாக்கு நீரிணையிலும் மன்னார் வளைகுடாவிலும் பிற நாட்டு நிறுவனங்கள் தோண்டின. வர்த்தகத்துக்கு உதவும்படியான எதுவும் அகப்படவில்லை. யுத்தம் எல்லாவற்றையும் நிறுத்தி வைத்தது. பிறகு 2008இல் கெய்ன் நிறுவனத்துக்கு மன்னார்ப் படுகையில் ஒரு துண்டம் வழங்கப்பட்டது. 2011இல், ஜப்பானியரின் விஞ்ஞான ஆராய்ச்சிக்கென்று கட்டப்பட்ட சிக்யு என்னும் துரப்பணக் கப்பல் வந்து, ஆயிரத்து முந்நூறு மீற்றருக்கு மேல் ஆழமான நீரில் தோண்டியபோது, டொராடோ என்று பெயரிடப்பட்ட கிணற்றிலும் அடுத்து பரகூடா என்னும் கிணற்றிலும் இயற்கை வாயு இருப்பது தெரியவந்தது. தேசம் முழுவதும் அன்று கொண்டாடியது பலருக்கு நினைவிருக்கும். 2014இன் நடுப்பகுதியில் பீப்பாய் ஒன்று நூறு டொலருக்கு மேல் விற்ற எண்ணெய், 2015இன் தொடக்கத்தில் ஐம்பதுக்குக் கீழே விழுந்தது. அதே ஆண்டில் அந்த நிறுவனம் மூட்டை கட்டிக்கொண்டு போய்விட்டது. மன்னாரில் கண்டுபிடித்த வாயு கண்டுபிடித்த இடத்திலேயே இன்றும் கிடக்கிறது. கண்டுபிடிப்பு வேறு, களம் வேறு என்பதற்கு இதைவிடப் பக்கத்தில் வேறு உதாரணம் தேட வேண்டியதில்லை.

நம்முடைய பக்கத்துக்கு வருவோம். கிழக்குக் கரைக்கு அப்பால் ஜே.எஸ். 5, ஜே.எஸ். 6 என்று எண்ணிடப்பட்ட இரு பெருந்துண்டங்கள், ஏறக்குறைய ஐம்பதினாயிரம் சதுர கிலோமீற்றர் பரப்பில், வரைபடத்தில் வகுக்கப்பட்டுள்ளன. 2016இல் பிரான்சு தேசத்து டோட்டல் நிறுவனத்துடன் அரசாங்கம் கூட்டாய்வு ஒப்பந்தம் ஒன்று செய்துகொண்டது. நோர்வேயின் ஸ்டாட்டொயில் நிறுவனமும் அவ்வாய்வில் பங்குகொண்டது. 2018இல் அளவைக் கப்பலொன்று நமது கடலில் வரிசை வரிசையாகப் போய்வந்து, கடலின் அடித்தளத்துக்குக் கீழே ஒலியலைகளைச் செலுத்தி, திரும்பி வரும் எதிரொலிகளைப் பதிவு செய்தது. அதன் பின்பு 2021ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பெற்றோலிய வளங்கள் சட்டம் நிறைவேறி, பெற்றோலிய அபிவிருத்தி அதிகாரசபை பிறந்தது. ஆக, நம் கடலின் அடிவயிற்றைப் பற்றிய தரவுகள் எங்கோ ஓரிடத்தில் விலைக்குத் தயாராக அடுக்கி வைக்கப்பட்டிருக்கின்றன; நம் வாவியைப் பற்றிய தரவுகளோ, பல்கலைக்கழக மாணவர்களின் ஆய்வேடுகளிலும் திணைக்களங்களின் அலுமாரிகளிலும் துண்டு துண்டாகச் சிதறிக் கிடக்கின்றன. என் கவலை முழுவதும் இந்த ஏற்றத்தாழ்வைப் பற்றியதே.

இங்கே எண்ணெய்க் களம் ஒன்று அமையுமாயின் அது எவ்வாறு இயங்கும் என்பதைச் சற்று விரித்துக் கூறினால்தான் என் வாதம் விளங்கும். எண்ணெய்க் களம் என்றதும் பம்பாய்க் கடலில் நான்கு காலூன்றி நிற்கும் இரும்பு மேடைகளே பலருடைய மனத்தில் தோன்றும். 1974இல் கண்டுபிடிக்கப்பட்டு, இரண்டே ஆண்டுகளில் எண்ணெய் தரத் தொடங்கிய பம்பாய் ஹை, ஆழம் குறைந்த கடலில் இருந்தமையால் அது சாத்தியமாயிற்று. நம்முடைய கடலோ அப்படிப்பட்டதன்று. கிழக்கிலங்கையின் கண்டத்திட்டு மிக ஒடுங்கியது. கரையிலிருந்து சிறிது தூரத்திலேயே தரை சரிந்து, ஆயிரக்கணக்கான மீற்றர் ஆழத்துக்கு இறங்கிவிடுகிறது. அங்கே எந்த மேடைக்கும் கால் எட்டாது. 2024 ஜனவரியில் இந்தியாவின் எண்ணெய், இயற்கை எரிவாயுக் கழகம் கிருஷ்ணா கோதாவரி ஆழ்கடலில் எண்ணெய் எடுக்கத் தொடங்கியதே, அந்த முறைதான் இங்கும் கைக்கொள்ளப்படும். கிணறுகளின் வாய்கள் கடலின் அடித்தரையில் இருக்கும்; அவற்றின் மீது பொருத்தப்பட்ட வால்வுத் தொகுதிகளை மேலிருந்து கம்பிவடம் வழியாக இயக்குவார்கள்; எண்ணெயும் வாயுவும் நீரும் கலந்த குழம்பு நெடுங்குழாய்களில் ஏறி, நங்கூரமிட்டு நிற்கும் ஒரு பெருங்கப்பலை அடையும்; அந்தக் கப்பலே தொழிற்சாலை, அதுவே களஞ்சியம்; அங்கே பிரித்தெடுத்த எண்ணெயை வேறொரு கப்பல் வந்து வாங்கிக்கொண்டு, எங்கே சுத்திகரிப்பு ஆலை இருக்கிறதோ அங்கே கொண்டு செல்லும்.

வேலை செய்பவர்கள் உலங்குவானூர்தியில் வந்து சில வாரங்கள் தங்கி, அவ்வழியே திரும்பிப் போவார்கள். கல்லடிக் கடற்கரையில் நிற்பவர் கண்ணுக்கு அந்தக் கப்பல் புலப்படவே மாட்டாது. இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணமுண்டு. எண்ணெய் வந்தால் நம் பிள்ளைகளுக்கெல்லாம் உத்தியோகம் கிடைக்கும் என்று மேடைகளில் பேசுகிறவர்கள், ஆழ்கடற் களம் ஒன்று சில நூறு தேர்ந்த தொழிலாளரோடு, கரையைத் தொடாமலே, இருபது இருபத்தைந்து ஆண்டுகள் ஓடிவிடக் கூடியது என்னும் உண்மையை அறியாதவர்களாக, அல்லது அறிந்தும் மறைப்பவர்களாக இருக்க வேண்டும். 1956இல் வாழைச்சேனையில் காகித ஆலை எழுந்தபோது, அதன் புகைபோக்கியும் சங்கொலியும் சம்பள நாளும் ஊரோடு ஊராக இருந்தன. ஆலை நலிந்தபோது ஊரும் நலிந்தது. ஆழ்கடற் களத்துக்கு அந்த உறவு கிடையாது. அது தரக்கூடிய நன்மை பெரும்பாலும் கொழும்புத் திறைசேரிக்குப் பணமாகப் போகும்; அது தரக்கூடிய தீமை, தருமாயின், நீரோட்டத்தோடு நம் கரைக்கு வரும்.

தீமை என்றவுடன் பெருவெடிப்பை மாத்திரம் நினைத்தல் தவறு. களம் மூப்படைய மூப்படைய, எண்ணெயோடு ஏறிவரும் நீரின் அளவு அதிகரித்து, கடைசியில் எண்ணெயைவிட நீரே மிகுந்துவிடும். அந்த நீரைச் சுத்தம் செய்து கடலில் விடுவது எங்கும் உள்ள வழக்கம். வட ஐரோப்பிய தேசங்கள் லீற்றருக்கு முப்பது மில்லிகிராம் எண்ணெய்க்கு மேல் அதில் இருத்தலாகாது என்று விதித்திருக்கின்றன. அளவைக் கப்பலின் ஒலிவெடிகளும் மீனை விரட்டுகின்றன. 1990களின் தொடக்கத்தில் பாரென்ட்ஸ் கடலில் நோர்வே நாட்டு விஞ்ஞானிகள் செய்த பரிசோதனையில், அளவைக் காலத்தில் கொட் மீனின் பிடிபாடு ஏறக்குறைய பாதியாகக் குறைந்ததும், அந்தக் குறைவு பதினெட்டுக் கடல் மைல் தூரம் வரை உணரப்பட்டதும் ஸ்தாபிக்கப்பட்டன. நம் கடலில் 2018இல் அளவை நடந்தபோது வாழைச்சேனைத் துறைமுகத்துப் பலநாட் படகுகளின் பிடிபாடு குறைந்ததா, கூடியதா, மாறாதிருந்ததா? ஒலிவெடிகளின் கணக்கு கப்பலில் ஒன்றுவிடாமல் எழுதப்பட்டது. படகுகளின் கணக்கை அதனோடு ஒப்பிட்டுப் பார்க்கும்படி கரையில் எந்த ஏற்பாடும் இருக்கவில்லை.

இந்தக் கடலுக்கு எண்ணெயோடு முன்னமே பழக்கமுண்டு. 1942 ஏப்பிரல் 9ஆம் திகதி ஜப்பானிய விமானங்கள் ஹேர்மிஸ் என்னும் பிரித்தானிய விமானந்தாங்கிக் கப்பலை மட்டக்களப்புக்கு எதிரே மூழ்கடித்தன; முந்நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். அதே நாளில், இதே கரையோரத்தில், எண்ணெய்க் கப்பல்களான பிரிட்டிஷ் சார்ஜன்ட்டும் அத்தெல்ஸ்டேனும் குண்டுக்கு இரையாயின. எண்பதாண்டு கடந்தும் ஹேர்மிஸின் உடலிலிருந்து எண்ணெய் கசியும் செய்தி இடையிடையே கேட்கிறது. மீனவர் கண்டு சொல்ல, கடற்படைச் சுழியோடிகள் இறங்கி அடைக்கிறார்கள். இன்னொன்று, நம் கண்முன்னே நடந்தது. 2020 செப்டெம்பர் 3ஆம் திகதி, குவைத்திலிருந்து இந்தியாவின் பாரதீப் துறைமுகத்துக்கு இரண்டு இலட்சத்து எழுபதினாயிரம் தொன் மசகு எண்ணெயோடு சென்ற நியூ டயமண்ட் கப்பல், நமக்குத் தெற்கே சங்கமன்கண்டிக்கு அப்பால் தீப்பற்றியது. ஒரு மாலுமி உயிரிழந்தார். இலங்கைக் கடற்படையும் இந்தியக் கரையோரக் காவற்படையும் பல நாள் போராடி நெருப்பை அடக்கின. எந்திரத்துக்குரிய எரிபொருள் கசிந்ததே தவிர, மசகு எண்ணெய் வெளியேறவில்லை.

அந்த முறை நாம் தப்பினோம். தப்பியதில் காற்றுக்கும் ஒரு பங்குண்டு என்பது என் அபிப்பிராயம். அது ஆவணி மாதம். கச்சான் காற்று கரையிலிருந்து கடலை நோக்கி வீசும் பருவம். அதே விபத்து மார்கழியில், வாடைக்காற்று கடலைக் கரைமேல் தள்ளும் காலத்தில் நேர்ந்திருந்தால் வேறு கதை எழுத வேண்டியிருந்திருக்கும். இங்கேதான் நம் வாவியின் விசேஷ நிலையை மனத்திற்கொள்ள வேண்டும். ஐம்பத்தாறு கிலோமீற்றர் நீளத்துக்குக் கரையோடு ஒட்டி ஓடும் இந்த நீர்நிலைக்குக் கடலோடு தொடர்பு பாலமீன்மடு முகத்துவாரத்திலும் கல்லாற்றிலுமே உண்டு. கோடையில் மணல் திரண்டு முகத்துவாரத்தை மூடிவிடுகிறது. அப்போது கடலில் எண்ணெய் மிதந்தாலும் வாவிக்குள் நுழைய வழியில்லை. மாரியில் வெள்ளம் பெருகி, அந்த மணல் மேடு உடைந்தோ வெட்டப்பட்டோ வாய் திறக்கிறது. வெள்ளம் வடிந்ததும் கடல்நீர் உள்ளே ஏறி இறங்கத் தொடங்குகிறது. வாய் திறந்திருக்கும் காலமும் வாடை வீசும் காலமும் ஒன்றாகவே அமைந்திருப்பது நமக்கு இயற்கை வைத்த பொறி. மண்மேடு கோடையில் காக்கிறது என்று நம்பி மற்ற மாதங்களை மறந்திருக்க முடியாது.

உள்ளே நுழைந்த எண்ணெய் எளிதில் வெளியேறாது. திறந்த கடற்கரையில் அலையும் வெயிலும் சேர்ந்து சில பருவங்களில் செய்யும் சுத்திகரிப்பை, அலையற்ற வாவியும் கண்டற் சேறும் செய்ய மாட்டா. கண்டல் மரம் சேற்றுக்கு மேலே நீட்டிய மூச்சு வேர்களால் சுவாசிப்பது. அவ்வேர்களை எண்ணெய் மூடினால் மரம் மூச்சுமுட்டிச் சாகும். 1986இல் பனாமா தேசத்தில் பாகியா லாஸ் மினாஸ் என்ற குடாவில் எண்ணெய் சிந்தியபோது ஆய்வாளர்கள் கண்ட உண்மை இது: மரங்கள் செத்தது மட்டுமல்லாமல், சேற்றில் புதைந்த எண்ணெய் ஆண்டுக்கணக்காகச் சிறிது சிறிதாக வெளிவந்து, புதிதாக முளைத்தவற்றையும் வருத்திக்கொண்டிருந்தது. சுனாமிக்குப் பின் நம்மவர் கன்று நட்டு வளர்த்த கண்டற் காடுகளும், அவற்றின் வேர்களிடையே வளரும் இறாலும் நண்டும், வீச்சுவலையும் தோணியுமாய் அவற்றை நம்பி ஜீவனம் செய்யும் குடும்பங்களும் ஒரே சங்கிலியில் கோக்கப்பட்டவை.

இனி, அளந்து வைத்தல் ஏன் இத்துணை முக்கியம் என்பதற்கு வருகிறேன். 2009 ஆகஸ்ட் 21ஆம் திகதி அவுஸ்திரேலியாவின் வடமேற்கே, திமோர்க் கடலில், மொண்டாரா என்னும் களத்தின் கிணறொன்று கட்டுக்கடங்காமல் பீறிட்டது. எழுபத்து நான்கு நாள் எண்ணெய் கடலில் பாய்ந்தது. களத்தை நடத்தியது தாய்லாந்தின் அரசாங்க எண்ணெய் நிறுவனத்தைச் சேர்ந்த குழுமம். இருநூறு கிலோமீற்றருக்கும் அப்பால், இந்தோனேசியாவின் ரோட்டே தீவிலும் குப்பாங் கரையிலும் கடற்பாசி வளர்த்துப் பிழைத்த ஏழைக் குடியானவர்களின் பயிர், அடுத்த சில வாரங்களில் வெளுத்து அழுகிச் செத்தது. உங்கள் கரைக்கு எங்கள் எண்ணெய் வரவேயில்லை என்றது நிறுவனம். வந்தது என்று நிரூபிக்க வேண்டிய பொறுப்பு, எழுத்தறியாதவர் பலர் அடங்கிய அந்தக் குடியானவர் தலையில் விழுந்தது. அவர்களிடம் விபத்துக்கு முந்திய நீர்ப் பரிசோதனையும் இல்லை, அறுவடைப் பதிவேடும் பெரும்பாலோரிடம் இல்லை. பதினையாயிரம் பேர் சார்பில் அவுஸ்திரேலிய நீதிமன்றத்தில் வழக்காடி, 2021இல் தீர்ப்பு அவர்களுக்கு அனுகூலமாகி, 2022இல் 192.5 மில்லியன் அவுஸ்திரேலிய டொலர் தருவதாக இணக்கம் ஏற்படும்போது, பதின்மூன்று ஆண்டுகள் கழிந்திருந்தன. அது அபூர்வமான வெற்றி. வழக்குச் செலவை முன்வந்து தாங்குவோரும் சாட்சியைத் தேடிப் பிடிக்கும் வக்கீல்களும் கிடைத்தமையால் வந்த வெற்றி. ஓந்தாச்சிமடத்துக் கரைவலைத் தோணிக்காரருக்கும் கிரான் பக்கத்து வாவி மீனவருக்கும் அந்த அதிர்ஷ்டம் வாய்க்கும் என்று எதைக் கொண்டு எதிர்பார்ப்பது?

நம் நாட்டு அனுபவமும் இதனையே சொல்கிறது. 2021இல் கொழும்புக்கு அப்பால் எக்ஸ்பிரஸ் பேர்ள் என்னும் கப்பல் எரிந்து மூழ்கி, பிளாஸ்டிக் மணிகள் மேற்குக் கரையை மூடின. நாட்டின் உயர்நீதிமன்றம் நூறு கோடி டொலர் நட்டஈடு விதித்தது 2025 ஜூலையில். அங்கே பிளாஸ்டிக் மணி கண்ணுக்குத் தெரிந்தது. கையால் அள்ளிக் காட்டலாம். நீரில் கரைந்த எண்ணெயையோ, பிறக்காமற்போன இறாற் குஞ்சையோ எவ்வாறு அள்ளிக் காட்டுவது? முந்திய கணக்கு ஒன்றுதான் அதற்குச் சாட்சி சொல்லும்.

இந்த இடத்தில் நோர்வேயைப் பற்றிச் சொல்லாமலிருக்க முடியவில்லை. சமாதானப் பேச்சின் நடுவராக நமக்குத் தெரிந்த தேசம் அது; பின்பு நம் கடலின் எண்ணெயைத் தேட வந்தவற்றுள் ஒன்றும் அந்தத் தேசத்து நிறுவனமே. 1969இல் எக்கோபிஸ்க் களம் கண்டுபிடிக்கப்பட்டு, 1971இல் எண்ணெய் வரத் தொடங்கிய அதே ஆண்டில், எண்ணெய் விஷயத்தில் அரசு எவ்வாறு நடக்க வேண்டும் என்ற பத்துக் கட்டளைகளை அந்நாட்டுப் பாராளுமன்றம் வகுத்துக்கொண்டது. அவர்களுடைய பிற்கால எண்ணெய்ச் சேமிப்பு நிதியத்தைப் புகழ்ந்து பேசுவோர் அந்த முன்யோசனையைப் பேசுவதில்லை. அவர்களது பெற்றோலியச் சட்டத்தில் நோர்வே மீனவருக்குரிய நட்டஈடு பற்றியே தனியோர் அத்தியாயம் இருக்கிறது. அளவைக் கப்பலில் மீன்பிடித் தொழில் தெரிந்த ஒருவர் இருந்தே ஆக வேண்டும் என்பது அவர்களது விதி. எல்லாவற்றுக்கும் மேலாக, லொபோட்டன் தீவுகளை அடுத்த கடல், கொட் மீன் முட்டையிடும் இடம் என்ற காரணத்தால், எண்ணெய் இருக்கக்கூடும் என்று தெரிந்தும், துரப்பணத்துக்கு மூடப்பட்டே இருக்கிறது. தம் வீட்டில் இத்தனை ஜாக்கிரதையாக இருப்பவர்கள் நம் வீட்டிலும் அவ்வாறு நடக்க வேண்டும் என்று கேட்பதில் வெட்கமென்ன? கேட்காதவரை எவரும் தாமாகத் தரமாட்டார்கள். வர்த்தகத்தின் இயல்பு அது, அதற்காக வர்த்தகரை வைவதில் பயனில்லை.

கேட்கத் தவறிய நாட்டுக்குக் கயானா உதாரணம். தென்னமெரிக்காவின் அந்தச் சிறிய தேசத்தில் 2015இல் லிசா களம் கண்டுபிடிக்கப்பட்டு, 2019 டிசெம்பரில் எண்ணெய் வந்தது. கைச்சாத்தான ஒப்பந்தத்தின்படி, வரும் எண்ணெயில் நூற்றுக்கு எழுபத்தைந்து பங்குவரை முதலில் நிறுவனங்களின் செலவுக்குக் கழிக்கப்படும். மிஞ்சியதே சரிபாதியாகப் பகிரப்படும். இவற்றுக்கு மேல் இரண்டு வீதம் உரிமைக்கட்டணம். கயானாவுக்குப் பணம் கொட்டுகிறது, மறுப்பதற்கில்லை. ஆயினும் ஒப்பந்தத்தைத் திருத்த வேண்டும் என்று அந்நாட்டில் அன்று தொடங்கிய கூச்சல் இன்றும் அடங்கவில்லை. கையெழுத்தான பின் எழும் கூச்சலுக்கு ஒப்பந்தத்தில் இடமில்லை. பல கோடி டொலர் செலவிட்டு, ஒன்றும் கிடைக்காமலும் போகக்கூடிய கிணற்றைத் தோண்டும் நிறுவனம் தன் முதலை மீட்க விரும்புவது நியாயமே. அந்த நியாயத்தின் எல்லை எது என்பது தோண்டுவதற்கு முன் பேச வேண்டிய பேச்சு.

நம்முடைய சட்டத்திலோ கரையோர மாவட்டத்துக்கு அந்தப் பேச்சில் ஆசனமே இல்லை. பதின்மூன்றாம் திருத்தம் எண்ணெய் வயல்களை மத்திய அரசுக்கு ஒதுக்கிய நிரலில் வைத்திருக்கிறது. கிழக்கு மாகாண சபையோ 2017இல் பதவிக்காலம் முடிந்தது முதல் தேர்தல் காணாமல் கிடக்கிறது. நைஜீரியாவின் அரசியலமைப்பு, எண்ணெய் எடுக்கப்படும் மாநிலங்களுக்கு வருமானத்தில் குறைந்தது பதின்மூன்று வீதத்தை உறுதிசெய்கிறது. அந்தப் பணம் மாநிலத் தலைநகரங்களில் தங்கிவிட்டதேயன்றி நைகர் கழிமுகத்துக் கால்வாய்களைச் சுத்தம் செய்யவில்லை என்பதும் உலகறிந்தது. ஆகையால் பங்கு கேட்பதோடு நின்றுவிடுவோரோடு நான் முழுமையாக உடன்படேன். பணத்துக்கு முன் சாட்சி வேண்டும், சாட்சிக்குக் கணக்கு வேண்டும்.

இந்தப் பிரதேசத்தவர் நீரைப் பற்றிக் கூடிப் பேசித் தீர்மானிக்கத் தெரியாதவர்களல்லர். மாரிதோறும் முகத்துவாரத்தை வெட்டுவதா, பொறுப்பதா என்ற கேள்வி எழுகிறது. தாழ்நிலத்து வயற்காரர், பயிர் அழுகுமுன் வெட்டுங்கள் என்பர். வாவித் தொழிலாளர், நன்னீர் முழுவதும் ஓடிப்போய் உப்பேறினால் எங்கள் கதி என்ன என்பர். அரசாங்க அதிபர், நீர்ப்பாசனத் திணைக்களத்தார், கமக்காரர், மீனவர் யாவரும் பேசி ஒரு நாளைக் குறிப்பது வழக்கம். மனஸ்தாபம் வருவதுண்டு, எனினும் தீர்மானம் இவ்வூரிலேயே பிறக்கிறது. சிறு மணல்மேட்டை வெட்டுவதற்கு இத்தனை பேரைக் கேட்கிறவர்கள், அந்த முகத்துவாரத்துக்கு நேரே, இரண்டாயிரம் மூவாயிரம் மீற்றர் ஆழத்தில் பூமியைத் துளைப்பதற்கு எவரையும் கேட்பதில்லை.

எண்ணெயே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை என்பதையும் தெளிவாக்கிவிட வேண்டும். 2022 ஆகஸ்ட்டில் லீற்றர் 87 ரூபாவாக இருந்த மண்ணெண்ணெய் ஒரே இரவில் 340 ரூபாவானபோது, வெளியிணைப்பு இயந்திரம் பூட்டிய படகுகள் கரையேறிக் கிடந்தன. எரிபொருளற்ற கடற்றொழில் எப்படியிருக்கும் என்பதை நம் மீனவர் அன்று பட்டறிந்தார்கள். வாயு கிடைத்து மின்சாரம் மலிவாகுமானால் அதனால் நமக்கும் நன்மையுண்டு. ஆனால் ஆழ்கடற் கிணறு பீறிட்டால் அதன் வாயை மூடும் கருவி நம் நாட்டில் இல்லை. சர்வதேச எண்ணெய்த் தொழிலார் அவசரத்துக்கென வைத்திருக்கும் மூடித் தொகுதிகளுள் நமக்குக் கிட்டியது சிங்கப்பூரில் இருக்கிறது. 2010இல் மெக்சிக்கோ வளைகுடாவில், உலகின் செல்வமிக்க நாட்டின் வாசலில், ஆயிரத்தைந்நூறு மீற்றர் ஆழத்துக் கிணற்றை அடைக்க எண்பத்தேழு நாள் சென்றது.

களத்தின் முடிவையும் தொடக்கத்திலேயே யோசிக்க வேண்டும். எண்ணெய் வற்றிய பின் கிணறுகளைச் சீமெந்தால் அடைத்து, குழாய்களையும் கப்பலையும் அகற்றும் வேலை வருமானமற்ற செலவு. செலவழிக்க வேண்டியவன் அப்போது இருப்பானோ என்பதே சந்தேகம். அவுஸ்திரேலியாவில் நொர்தர்ன் எண்டவர் என்னும் உற்பத்திக் கப்பலைப் பெரிய நிறுவனம் ஒன்று சிறிய நிறுவனத்துக்கு விற்றுவிட்டு ஒதுங்கியது. சிறியது முறிந்து போயிற்று. சுத்தம் செய்யும் பாரம் அரசாங்கத்தின் தலையில் ஏறியது. கடைசியில் எண்ணெய்த் தொழிலார் அனைவர் மீதும் பீப்பாய்க்கு 48 சதம் வரி விதிக்க வேண்டியதாயிற்று. வலிய அரசாங்கம் ஆதலால் அது வரி விதித்தது. கடன்காரன் முன் கைகட்டி நிற்கும் நம் அரசாங்கத்துக்கு அந்தத் துணிவு அப்போது இராது. ஆகவே அகற்றற் செலவுக்கு ஈடான வங்கி உத்தரவாதத்தை முதற் பீப்பாய்க்கு முன்பே வாங்கி வைத்துக்கொள்வது ஒப்பந்தத்தின் நிபந்தனையாக வேண்டும்.

நான் கேட்கும் கணக்கு ஒன்றும் அசாத்தியமானதன்று. வந்தாறுமூலையில் கிழக்குப் பல்கலைக்கழகம் இருக்கிறது. நாரா என்னும் தேசிய நீரக வள ஆராய்ச்சி நிறுவனம் இருக்கிறது. கடற்றொழிற் சங்கங்கள் ஊருக்கு ஊர் இருக்கின்றன. முகத்துவாரம் மூடிய காலம், திறந்த காலம் இரண்டும் அடங்க, ஒரு மாரியும் ஒரு கோடையுமாவது தொடர்ந்து, வாவியின் நீரிலும் சேற்றிலும் மட்டியின் சதையிலும் இன்று எவ்வளவு எண்ணெய்க் கலப்பு இருக்கிறது, கரைவலைக்கும் வாவி வலைக்கும் எந்த மாதம் எந்த மீன் எவ்வளவு படுகிறது, கண்டல் எங்கெங்கே எவ்வளவு நிற்கிறது என்று பதிய வேண்டும். ஹேர்மிஸின் பழைய கசிவையும் அதில் சேர்த்து எழுத வேண்டும். எழுதாவிட்டால், நாளை எந்தக் கறையையும் அந்தப் பழைய கப்பலின் மேல் போட்டுவிட்டுப் போவதற்கு ஒரு வக்கீல் வருவார். செலவைத் துண்டத்துக்கு விண்ணப்பிக்கும் நிறுவனம் தரட்டும்; அளவையை அதனிடம் விடாமல் நம்மவர் செய்யட்டும்; பதிவேட்டின் பிரதியொன்று மாவட்டச் செயலகத்திலும் ஒன்று பல்கலைக்கழக நூலகத்திலும் ஒன்று மீனவர் சங்கத்திலும் இருக்கட்டும். பெற்றோலிய அபிவிருத்தி அதிகாரசபை அடுத்த முறை கிழக்குத் துண்டங்களை விலைகூறும்போது, இந்தப் பதிவேடு முடிவதற்கு முன் துரப்பண அனுமதி செல்லாது என்ற ஒரு வரியை அறிவித்தலிலேயே சேர்ப்பதற்குப் புதிய சட்டம்கூட அவசியமில்லை. நம் மாவட்டத்துப் பாராளுமன்ற உறுப்பினர்கள், கட்சி பேதம் பாராமல், அதை எழுத்தில் கேட்டால் போதும்.